வடலூரின் ஏழு வண்ணத் திரைகள்: சுத்த சன்மார்க்கத்தைப் புதிதாக அறிய வருவோருக்கு

வண்ணத்தையும் ஒளியையும் கொண்டு தத்துவம் பேசிய மரபுகள் பல நாடுகளில் உண்டு. ஆனால் ஒரு தனிமனிதர், தாம் மறைவதற்கு முந்தைய ஒன்பது ஆண்டுகளுக்குள், ஒரு சங்கத்தையும், ஓர் அன்னசாலையையும், எண்கோண வடிவச் சபையையும், இருவண்ணக் கொடியையும், ஒரு மந்திரத்தையும், விளக்கு எந்த உலோகத்தால் ஆனதாக இருக்கக் கூடாது என்பது வரையிலான விதிகளையும் தாமே வகுத்து, அவை அனைத்தையும் ஒளி என்னும் ஒரே கருத்தில் கோத்து வைத்த மரபு அரிது. கடலூர் மாவட்டத்து வடலூரில், வள்ளலார் என்று மக்கள் அழைக்கும் இராமலிங்க அடிகள் (1823–1874) நிறுவிய சுத்த சன்மார்க்கம் அத்தகைய மரபாகும்.

தைப்பூசத்தன்று வடலூர்ச் சபையில் கூட்டத்தோடு கூட்டமாக நின்று, ஏழு திரைகள் விலகி விளக்கு தெரிவதைச் சில நொடிகள் பார்த்துவிட்டு, நன்றாக இருந்தது, ஆனால் ஒன்றும் விளங்கவில்லை என்று ஊர் திரும்புவோர் பலர். அவர்கள் நுழைந்த வாசல் சரியானதன்று என்பதே அதற்குக் காரணம். இந்த மரபில் வண்ணங்கள் ஒளியின் அலங்காரங்கள் அல்ல. ஒளியை நம் பார்வையிலிருந்து மறைப்பவை. அவற்றை விலக்கும் வேலை சபைக்குள் நடப்பதுமில்லை. அது பசித்தவருக்குச் சோறு இடும் இடத்தில் தொடங்கி, நம் வீட்டில் நாம் தனியே அமர்ந்திருக்கும் நேரத்தில் தொடர்கிறது. ஆகவே முதலில் சிறிது வாசிப்பு, பிறகு அன்னசாலை, அதன் பிறகு சபை, அதற்கும் பிறகே வண்ணங்கள், கடைசியாகத் தைப்பூசம் என்னும் வரிசையில் இந்த வழிகாட்டியை அமைத்திருக்கிறேன். பலரும் இதற்கு நேர் எதிர்த் திசையிலிருந்து வருகிறார்கள்.

புறப்படுவதற்கு முன் வாசிக்க வேண்டியவை

வள்ளலாரின் பாடல்கள் திருவருட்பா என்னும் பெயரில் ஆறு திருமுறைகளாகத் தொகுக்கப்பட்டுள்ளன. முதல் நான்கு திருமுறைகளை அவருடைய மாணவர் தொழுவூர் வேலாயுத முதலியார் 1867-இல் வெளியிட்டார்; ஐந்தாவது 1880-இலும், ஆறாவது 1885-இலும் வெளிவந்தன. புதியவர்கள் முதல் திருமுறையின் முதல் பக்கத்திலிருந்து தொடங்கி, சில நூறு பாடல்களுக்குப் பின் களைத்துப்போய் நூலை மூடிவிடுவதுண்டு. முதல் ஐந்து திருமுறைகளில் பெரும்பகுதி முருகனையும் சிவனையும் தலங்கள்தோறும் பாடிய பக்திப் பாடல்கள். தமிழ் இனிமைக்காக எப்போது வேண்டுமானாலும் அவற்றுக்குத் திரும்பலாம். ஒளியையே கடவுளாகக் கண்ட பிற்கால நிலை ஆறாம் திருமுறையில்தான் முழுமையாக விரிகிறது.

அந்த ஆறாம் திருமுறைக்குள் நுழைவதற்கு முன்பும் இரண்டு உரைநடைப் பகுதிகளைப் படித்துவிடுவது நல்லது. ஒன்று, உயிர்களிடத்து இரக்கம் பற்றிய ஜீவகாருண்ய ஒழுக்கம்; மற்றொன்று, 1873 அக்டோபர் 22 அன்று வடலூரை அடுத்த மேட்டுக்குப்பத்தில் கொடியேற்றி அவர் ஆற்றிய பேருபதேசம். இரண்டையும் ஓரிரு மாலைகளில் படித்து முடித்துவிடலாம். பேருபதேசம் சில பக்கங்களே ஆனாலும், திரைகளைப் பற்றி அவர் தம் வாயால் சொன்ன விளக்கம் அதில் இருப்பதால், சபைக்குச் செல்கிறவர் அதைப் படிக்காமல் செல்வது பாதிப் பயணத்துக்குச் சமம். அதன் பிறகு ஆறாம் திருமுறையில் உள்ள அருட்பெருஞ்ஜோதி அகவலை எடுத்துக்கொள்ளுங்கள். 1596 அடிகள் கொண்ட அந்த நெடும்பாடலை 1872 ஏப்ரலில் மேட்டுக்குப்பத்தில் இருந்தபோது அவர் எழுதினார். முழுவதையும் ஒரே மூச்சில் புரிந்துகொள்ள முயல வேண்டியதில்லை. வாய்விட்டுப் படித்தால் ஓசையே பொருளை இழுத்துக்கொண்டு வரும் வகையான பாடல் அது.

இந்த வாசிப்பின்போது, யாழ்ப்பாணத்து ஆறுமுக நாவலர் தரப்பு இப்பாடல்களை அருட்பா அல்ல, மருட்பா என்று மறுத்து எழுந்த பூசலும், 1869-இல் மஞ்சக்குப்பம் நீதிமன்றம் வரை சென்ற வழக்கும் கண்ணில் படும். அது தமிழ்ச் சைவ வரலாற்றில் சுவையான அத்தியாயம்தான். எனினும் தொடக்க நிலையில் அதில் இறங்கினால் திரும்பி வர நெடுநாள் ஆகும். பின்னொரு நாளுக்கு ஒதுக்கிவையுங்கள்.

உணவு குறித்து ஒரு முடிவு

எண்கோணச் சபையாகிய ஞானசபையின் வாயிலில் கொலை, புலை தவிர்த்தோர் மட்டுமே உள்ளே புகுதல் வேண்டும் என்று எழுதப்பட்டிருக்கிறது. உயிரைக் கொல்வதையும் புலால் உண்பதையும் விட்டவர்களே உள்ளே செல்லலாம் என்பது பொருள். வாயிற்காவலர் யாரும் உங்கள் வீட்டுச் சமையலறையைப் பற்றி விசாரிக்கப் போவதில்லை. முடிவை அவரவர் மனத்துக்கே விட்டிருக்கிறார்கள் என்பதால்தான் அந்தப் பலகை கனமாக இருக்கிறது. புலால் உண்பவர்கள் வடலூருக்கு வரவே கூடாது என்பதில்லை. அவர்கள் அன்னசாலையில் உண்ணலாம், பணி செய்யலாம், சபையை வெளியில் நின்று வணங்கலாம். உள்ளே செல்ல விரும்புகிறவர் மட்டும் இந்த நிபந்தனையைத் தமக்குத் தாமே ஏற்றுக்கொண்டு செல்ல வேண்டும். சாதியோ சமயமோ நிபந்தனையாக வைக்கப்படவில்லை என்பதையும், 1870-களின் தமிழ்நாட்டில் அது எத்தகைய துணிவு என்பதையும் இதனோடு சேர்த்து எண்ணிப் பார்க்க வேண்டும்.

முதல் பயணத்துக்கு எந்த நாள்

முதல் பயணத்தைத் தைப்பூசத்தன்று வைத்துக்கொள்ள வேண்டாம். அன்று வடலூரில் நிற்க இடம் கிடைப்பதே அரிது. கேட்கவோ அமரவோ யாருக்கும் நேரமிருக்காது. சாதாரண வார நாள் ஒன்று இதற்கு மிகப் பொருத்தமானது. அடுத்த பயணத்தை மாதப் பூச நாளில் வைத்துக்கொண்டால், அன்று இரவு ஆறு திரைகள் நீக்கப்பட்டு ஜோதி காட்டப்படுவதைப் பெருங்கூட்டமின்றிக் காணலாம்.

வடலூர், கடலூரிலிருந்து விருத்தாசலம் செல்லும் சாலையில், நெய்வேலிக்கு அருகில் உள்ளது. கடலூர்–விருத்தாசலம் தொடர்வண்டிப் பாதையில் நிலையமும் உண்டு. பண்ருட்டி, கும்பகோணம் சாலையில் செல்லும் பேருந்துகளும் வடலூர் வழியாகவே செல்கின்றன. வள்ளலார் பிறந்த மருதூர், பல ஆண்டுகள் தங்கியிருந்த கருங்குழி, இறுதிக் காலத்தில் வாழ்ந்த மேட்டுக்குப்பம் ஆகிய மூன்றும் சுற்றுவட்டாரத்திலேயே இருக்கின்றன. நேரமுள்ளவர்கள் ஓர் இரவு தங்கி அவற்றையும் பார்க்கலாம். நேரமில்லாதவர்கள் மேட்டுக்குப்பத்தை மட்டுமாவது விட்டுவிடாமல் பார்க்க வேண்டும்.

சபைக்கு முன் சாலை

வடலூரில் இறங்கியதும் கால்கள் தாமாகவே எண்கோணச் சபையை நோக்கித்தான் செல்லும். அவற்றைச் சற்றுத் திருப்பி, முதலில் அன்னசாலையாகிய சத்திய தருமச்சாலைக்குச் செல்லுங்கள். வள்ளலார் காரியங்களைச் செய்த வரிசையும் அதுதான். 1865-இல் சங்கம், 1867 மே 23-இல் தருமச்சாலை, அதற்கு நான்கு ஆண்டுகளுக்கு மேல் கழித்துத்தான் சபை. வடலூர் மக்கள் எழுதிக்கொடுத்த ஏறத்தாழ 80 காணி நிலத்தில் முதலில் எழுந்தது சோறு போடும் இடமே. அன்று மூட்டிய அடுப்பு இன்றுவரை அணையாமல் காக்கப்படுகிறது. வருகிறவர் யார், எந்த ஊர் என்று கேளாமல் நாள்தோறும் உணவளிக்கப்படுகிறது.

பந்தியில் அமர்ந்து உண்ணுங்கள். வசதியுள்ளவர்களும் அவ்வாறே செய்ய வேண்டும் என்பது என் கருத்து. பக்கத்தில் அமர்ந்திருப்பவர் பிச்சை எடுத்து வாழ்பவராக இருக்கலாம், அரசு அலுவலராக இருக்கலாம்; இலைகளில் வேறுபாடு இருக்காது. உண்டு முடித்த பின் பரிமாறவோ, காய் நறுக்கவோ, இடத்தைத் துடைக்கவோ வாய்ப்பு உண்டா என்று கேட்டுப்பாருங்கள். பெரும்பாலும் வேலை இருக்கும். அரிசியோ பருப்போ கொண்டுவந்து கொடுப்பதும் வழக்கம்.

ஒளியைப் பற்றிய தத்துவத்துக்கும் சோற்றுக்கும் என்ன தொடர்பு என்று கேட்பவர்களுக்கு ஜீவகாருண்ய ஒழுக்கத்தில் விடை இருக்கிறது. பசி என்பது நச்சுக்காற்று. ஏழைகளின் அறிவாகிய விளக்கை அது அணைக்கப் பார்க்கும் தருணத்தில் உணவு கொடுத்து அவ்விளக்கை அணையாமல் ஏற்றுவதே ஜீவகாருண்யம் என்கிறார் வள்ளலார். அதை ஒட்டியே பசியை உடம்புக்குள் பற்றி எரியும் நெருப்பு என்றும், அதை உணவால் அவிப்பதே காருண்யம் என்றும் மாற்றிச் சொல்கிறார். ஓரிடத்தில் ஏற்ற வேண்டிய விளக்கு, மற்றோரிடத்தில் அவிக்க வேண்டிய தீ. இந்த இரண்டையும் ஒரு பிடி சோறு ஒருங்கே செய்துவிடுகிறது. அவருடைய எழுத்தில் ஒளி என்னும் சொல் வரும் இடமெல்லாம் வெறும் காட்சியாகவோ வானத்தில் தோன்றும் வெளிச்சமாகவோ எண்ணிக்கொள்ளாமல், ஓர் உயிருக்குள் அறிவு மங்காமல் நிற்பது என்று வைத்துப் படித்தால் பெரும்பாலான இடங்கள் தெளிவாகிவிடும். தருமச்சாலையில் ஒரு வேளை செலவிட்டவருக்கு இதைத் தனியே விளக்க வேண்டியதில்லை.

ஞானசபையை எப்படிப் பார்ப்பது

சபை எண்கோண வடிவில், தெற்கு நோக்கி அமைந்தது. கட்டும் வேலை 1871-இல் தொடங்கியது. 1872 ஜனவரி 25, தைப்பூச நாளன்று முதல் வழிபாடு நடந்தது. உள்ளே பொற்சபை, சிற்சபை என்று இரு பகுதிகளும், நடுவில் ஞானசபையும், அதனுள் விளக்கும், ஆளுயரத்துக்கு மேற்பட்ட கண்ணாடியும், அவற்றை மறைத்து ஏழு திரைகளும் உள்ளன. சபையைச் சுற்றியிருக்கும் இரும்புச் சங்கிலியில் 21,600 கண்ணிகள் உள்ளன என்றும், மனிதன் ஒரு நாளில் விடும் மூச்சுகளின் எண்ணிக்கையாக யோக நூல்கள் கூறுவதை அவை குறிக்கின்றன என்றும் சொல்வார்கள். எண்ணிப் பார்க்க வேண்டிய அவசியம் யாருக்கும் இல்லை. ஆனால் கட்டடமே ஓர் உடம்பாக, குறிப்பாகத் தலைக்குள் புருவ நடுவில் இருக்கும் ஆன்ம இடமாக எண்ணி அமைக்கப்பட்டது என்பதை அந்தச் சங்கிலி நினைவூட்டிக்கொண்டே இருக்கிறது.

கோயிலுக்குச் செல்லும் பழக்கத்தில் தேங்காய், பழம், கற்பூரம் வாங்கிக்கொண்டு வர வேண்டாம். இங்கு உருவச் சிலைக்கு அபிஷேகம் செய்வது போன்ற சடங்குகளுக்கு அவர் இடம் வைக்கவில்லை. அமைதியாக நின்றோ அமர்ந்தோ மகாமந்திரத்தை மெல்லச் சொல்லிக்கொண்டிருப்பதே வழிபாடு. ‘அருட்பெருஞ்ஜோதி அருட்பெருஞ்ஜோதி தனிப்பெருங்கருணை அருட்பெருஞ்ஜோதி’ என்னும் அந்த மந்திரத்துக்குத் தீட்சையோ குருவின் அனுமதியோ தேவையில்லை. ஒளியும் கருணையும் அதில் ஒன்றின் இரு பெயர்களாக நிற்பதைச் சொல்லும்போதே கவனியுங்கள்.

1872 ஜூலை 18-இல் அவர் விதித்த வழிபாட்டு விதிகளை ஒருமுறை படித்துவிட்டு உள்ளே சென்றால் சபை வேறு மாதிரி தெரியும். விளக்கு தகரத்தாலும் கண்ணாடியாலும் ஆனதாக இருக்க வேண்டும். பித்தளைக் குத்துவிளக்கு வேண்டாம். மேலே ஏற்றித் தொங்கவிடும் குளோப் விளக்குகளும் வேண்டாம். குளித்துத் தூய்மையாக இருப்பவர்கள் அந்த விளக்கைப் பன்னிரண்டு வயதுக்கு உட்பட்ட சிறுவர் கையிலோ, எழுபத்திரண்டு வயதுக்கு மேற்பட்ட பெரியவர் கையிலோ கொடுத்து உள்வாயில்களுக்கு அருகே வைத்துவரச் செய்ய வேண்டும். பணக்காரர் ஒருவர் வெள்ளி விளக்கை நன்கொடையாகக் கொடுத்து அதில் தம் பெயரைப் பொறித்துக்கொள்ளும் வழியை இந்த விதி முன்கூட்டியே அடைத்துவிடுகிறது. விளக்கைத் தொடும் உரிமை எந்தக் குலத்துக்கும் பரம்பரையாகப் போய்ச் சேராதபடி, ஆசைக்கு முற்பட்ட வயதினரிடமும் ஆசை அடங்கிய வயதினரிடமும் அதை ஒப்படைத்தது பொருள் உள்ள ஏற்பாடு என்றே நான் கருதுகிறேன். பின்னாளில் நடைமுறைகள் இவ்விதிகளிலிருந்து எவ்வளவு விலகின என்பது பற்றி நீண்ட வாதங்களும் வழக்குகளும் நடந்துள்ளன. புதியவர் அவற்றில் தரப்பு எடுப்பதற்கு முன் மூல விதிகளைப் படித்துக்கொள்வது போதுமானது.

ஏழு வண்ணங்களைக் கற்றல்

இப்போது திரைகளுக்கு வரலாம். முதல் திரை கருப்பு, அது மாயாசக்தி. அடுத்தது நீலம், கிரியாசக்தி. மூன்றாவது பச்சை, பராசக்தி. நான்காவது சிவப்பு, இச்சாசக்தி. ஐந்தாவது பொன்னிறம், ஞானசக்தி. ஆறாவது வெள்ளை, ஆதிசக்தி. ஏழாவது எல்லா வண்ணமும் சேர்ந்த கலப்புத் திரை, சிற்சக்தி. இந்த வரிசையை மனத்தில் இருத்திக்கொள்ளுங்கள். அகவலில் திரைகள் வரும் வரிசையும் இதுவே.

இந்த இடத்தில் புதியவர்கள் இரண்டு குறுக்கு வழிகளில் புகுந்துவிடுகிறார்கள். ஏழு என்றதும் வானவில்லோடு ஒப்பிடுவது ஒன்று. வானவில்லில் கருப்பும் வெள்ளையும் கிடையாது. கலப்பு என்றொரு நிறமும் கிடையாது. வெள்ளொளி முப்பட்டகத்தில் பிரிந்து ஏழு நிறமாவது இயற்பியல். அங்கே நிறங்கள் ஒளியின் கூறுகள். இங்கே நிறங்கள் ஒளிக்கும் நமக்கும் இடையில் தொங்குபவை. இரண்டையும் கலந்தால் இரண்டும் கெடும். மற்றொன்று, உடம்பின் ஆதாரச் சக்கரங்களுக்கு இக்காலப் படங்களில் தீட்டப்படும் நிறங்களை எடுத்து இத்திரைகளின் மேல் ஒட்டுவது. அந்தப் பட்டியலும் இந்தப் பட்டியலும் எங்கும் பொருந்துவதில்லை. பொருத்த முயல்பவர்கள் கடைசியில் வள்ளலாரின் வரிசையைத்தான் மாற்றுவார்கள்.

அதற்குப் பதிலாக அகவலின் அந்த அடிகளையே நிதானமாகப் படியுங்கள். ஒவ்வொரு திரையும் எதை மறைக்கிறது என்று அங்கே சொல்லப்பட்டிருக்கிறது. நீலத்திரை உயிரை மறைக்கிறது, பச்சைத்திரை பரவெளியை, சிவப்பு சித்துறு வெளியை, பொன்மை பொருளுறு வெளியை, வெண்மை மெய்ப்பதி வெளியை. கலப்புத் திரை அனுபவங்களை மறைக்கிறது. ஞானத்தின் நிறமாகிய பொன்னும், தூய்மையின் நிறமாக நாம் எண்ணும் வெள்ளையும்கூட இங்கே திரைகளே என்பதைக் கவனிக்க வேண்டும். தீயது மட்டும் மறைக்கும், நல்லது காட்டும் என்ற எளிய கணக்கு இதில் இல்லை. ஒருவர் தம் அறிவையும் தம் தூய்மையையும் பற்றிக்கொண்டு நின்றால், அவையும் துணியாகத் தொங்கும். ஆன்மிகத்தில் நெடுநாள் இருப்பவர்களுக்கு இந்த இரண்டு நிறங்கள்தாம் பயனுள்ள எச்சரிக்கை. தொடக்க நிலையில் உள்ள நமக்கு அவை இன்னும் தொலைவில்.

இன்னொன்றும் அந்த அடிகளில் உண்டு. மறைப்பது யார் என்று பார்த்தால், ஒவ்வோர் அடியின் முடிவிலும் ‘மறைக்கும் அருட்பெருஞ்ஜோதி’ என்றே வருகிறது. ஒளியே திரை இட்டுக்கொள்கிறது. பகைவன் ஒருவன் வந்து மறைக்கவில்லை. சைவத்தில் இறைவனின் ஐந்தொழில்களில் மறைத்தலும் ஒன்று என்பதை அறிந்தவர்களுக்கு இது புதிதாக இராது. உயிர் பக்குவப்படும் வரை கண் கூசாமல் காப்பதும் அருளின் வேலையே. அதனால்தான் ‘திரைமறைப்பெல்லாம் தீர்த்து’ என்று தொடரும் அடியிலும், விலக்கிக் காட்டுபவராக அதே ஜோதி நிற்கிறது. மறைப்பையும் காட்டுவதையும் ஒரே கை செய்கிறது என்னும் இந்தக் கருத்தை விட்டுவிட்டால், ஏழு திரைகளும் கடக்க வேண்டிய ஏழு தடைகளாகச் சுருங்கி, வழிபாடு ஒரு தடை ஓட்டமாகிவிடும்.

பச்சைத் திரையில் வேலை தொடங்குகிறது

வரிசைப்படி பச்சை மூன்றாவது. ஆனால் பேருபதேசத்தில் வள்ளலார் தனியே எடுத்துப் பேசுவது இந்தப் பச்சையைத்தான். ஆன்ம அறிவை இராகம் முதலிய பசுந்திரை மறைத்துக்கொண்டிருக்கிறது. அந்தத் திரை நீங்கிவிட்டால் மற்றத் திரைகள் நீங்குவது எளிது என்கிறார். இராகம் என்பது ஆசையும் பற்றும். இது வேண்டும், இது என்னுடையது, இதை விட்டால் எனக்கு வேறு இல்லை என்று மனம் ஒட்டிக்கொள்ளும் இடமெல்லாம் பச்சை.

முரண்பாடு உண்டா என்று கேட்டால், இல்லை என்பேன். அகவலின் வரிசை திரைகளின் அமைப்பைச் சொல்கிறது. உபதேசம் நாம் எங்கே கை வைக்க வேண்டும் என்பதைச் சொல்கிறது. கருப்பாகிய மாயையையோ வெள்ளையாகிய ஆதிசக்தியையோ நாம் நேரடியாக ஒன்றும் செய்துவிட முடியாது. ஆசை ஒன்றுதான் அன்றாடம் நம் கைக்கு எட்டும் தொலைவில் இருக்கிறது.

அந்தத் திரையை நீக்குவதற்கு உஷ்ணம் வேண்டும் என்கிறார் அவர். யோகிகள் காட்டிலும் மலையிலும் குகையிலும் நெடுங்காலம் தவமிருந்து அந்த உஷ்ணத்தை உண்டாக்கிக்கொள்கிறார்கள். ஆனால் தெய்வத்தை நினைத்தலாலும் தோத்திரம் செய்தலாலும் அதைவிடக் கோடிப் பங்கு அதிகமான உஷ்ணத்தை இருந்த இடத்திலேயே பெறலாம் என்கிறார். உலக விசாரத்தை விட்டு, மேலான விசாரத்தோடு, உள்ளம் நெகிழ்ந்து ஒரு சாம நேரம் இருந்தால் பெற வேண்டியதைப் பெறலாம் என்பது அவர் கொடுத்த அளவு. ஒரு சாமம் என்பது மூன்று மணி நேரம். குடும்பம் நடத்துபவர்களுக்கு முதல் நாளிலேயே அது இயலாது. அரை மணி நேரத்தில் தொடங்கினாலும் தவறில்லை. காலத்தின் அளவைவிட நெகிழ்ச்சிதான் நிபந்தனை. மூன்று மணி நேரம் கல்லாக அமர்ந்திருந்துவிட்டு, எழுந்ததும் வேலைக்காரரைக் கடிந்துகொள்பவருக்கு உஷ்ணம் ஏறியிருக்கலாம். ஆனால் அது அவர் சொன்ன உஷ்ணம் ஆகாது.

வீட்டில் இதற்கென ஏற்பாடுகள் அதிகம் தேவையில்லை. சூரியன் எழுவதற்கு முன் எழுந்து, கை கால் முகம் கழுவி, ஒரு சிறு விளக்கை ஏற்றி வைத்துக்கொண்டு அதன் எதிரே அமருங்கள். மகாமந்திரத்தைச் சிறிது நேரம் சொல்லுங்கள். ‘நினைந்து நினைந்து’ என்று தொடங்கும் 28 பாடல்களில் ஒன்றிரண்டைப் பாடுங்கள். 1873 கார்த்திகையில், தாம் இருந்த அறையிலிருந்த விளக்கை வெளியே வைத்து, அதைத் தடையின்றி ஆராதிக்கும்படியும் இந்தப் பாடல்களில் கண்டபடி தியானிக்கும்படியும் அவர் அன்பர்களிடம் சொன்னார். பாடிய பின் மௌனமாக இருந்து, முந்தைய நாளில் மனம் எங்கே ஒட்டிக்கொண்டது என்பதை மட்டும் விசாரித்துப் பாருங்கள். விளக்கின் சுடரையே இமைக்காமல் உற்று நோக்கும் பயிற்சிகளை இதனோடு சேர்க்க வேண்டாம். கண்ணுக்குத் தீங்கு என்பது ஒருபுறம் இருக்க, சுடரில் நிறங்கள் தெரிகின்றனவா என்று தேடும் புதியதோர் ஆசையைத்தான் அது வளர்க்கும்.

இந்திரிய ஒழுக்கம், கரண ஒழுக்கம், ஜீவ ஒழுக்கம், ஆன்ம ஒழுக்கம் என்று நால்வகை ஒழுக்கங்களை அவர் வகுத்திருக்கிறார். முதலிரண்டும் புலன்களையும் மனத்தையும் பற்றியவை. மூன்றாவது, சாதி, சமயம், குலம், தேசம் என்னும் பேதமின்றி எல்லாரையும் தம்மவராகக் கொள்வது. நான்காவது எல்லா உயிரிலும் ஆன்மாவைக் காண்பது. விரிவை நூலில் படித்துக்கொள்ளலாம்.

வெள்ளையும் மஞ்சளும்

திரைகளைத் தவிர இந்த மரபில் வண்ணம் முக்கியமாக வரும் இடங்கள் இரண்டு. ஒன்று உடை. வள்ளலார் துறவியாக வாழ்ந்தும் காவி உடுத்தவில்லை. வெள்ளை ஆடையால் தலை முதல் கால் வரை போர்த்தியிருந்தார். அதற்கு அவரே காரணமும் சொன்னார். காவி என்பது தத்துவங்களோடு போர் செய்யும்போது அணியும் யுத்தக்குறி. அந்தப் போரில் தயவு குறைந்து மனம் கடினப்படும். வெற்றி பெற்ற பிறகு அடைய வேண்டியதோ தயவு, அதன் நிறம் வெள்ளை. சன்மார்க்கிக்குச் சண்டையே இல்லையாதலால் தொடக்கத்திலும் முடிவிலும் வெள்ளையே போதும் என்பது அவர் கருத்து. வடலூரில் வெள்ளை உடுத்தி வருவோர் பலரைக் காண்பீர்கள். உங்களிடம் வெள்ளை உடை இல்லையென்றால் அதற்காகக் கடைக்கு ஓட வேண்டாம். எளிய, தூய்மையான உடை எதுவாயினும் போதும்.

மற்றொன்று கொடி. சன்மார்க்கக் கொடியில் மேலே மஞ்சளும் கீழே வெள்ளையும் இருக்கும். நாபியிலிருந்து புருவ நடு வரை ஒரு நாடி இருக்கிறது, புருவ நடுவின் உட்புறத்தில் ஒரு சவ்வு தொங்குகிறது, அதன் மேற்புறம் மஞ்சள், கீழ்ப்புறம் வெள்ளை என்று கொடியேற்றிய அன்றே அவர் விளக்கினார். வெளியே கம்பத்தில் பறப்பது உள்ளே இருப்பதன் அடையாளம் மட்டுமே என்பது கருத்து. உடற்கூற்று நூலில் அந்தச் சவ்வைத் தேடிப் புறப்படுவோரும் உண்டு. அது யோக அனுபவத்தின் மொழி என்ற அளவில் ஏற்றுக்கொண்டு மேலே செல்வதே நல்லது.

தைப்பூசமும் மேட்டுக்குப்பமும்

சாலையிலும் சபையிலும் வீட்டு விளக்கின் முன்னும் சில மாதங்கள் பழகிய பிறகு தைப்பூசத்துக்குச் செல்லுங்கள். ஆண்டுக்கு ஒருமுறை அன்று மட்டும்தான் ஏழு திரைகளும் முழுமையாக நீக்கப்படுகின்றன. காலை 6, 10, பகல் 1, இரவு 7, 10, மறுநாள் விடியற்காலை 5.30 என ஆறு காலங்களில் ஜோதி தரிசனம் நடப்பது வழக்கம். அந்தந்த ஆண்டின் அறிவிப்பைச் சரிபார்த்துக்கொள்ளுங்கள். முதியவர்களும் குழந்தைகளும் உடன் வந்தால் முதல் காலத்தையும் இரவு 7 மணிக் காலத்தையும் தவிர்ப்பது நல்லது. அவ்விரண்டிலும் நெரிசல் மிகுதி. விடியற்காலைத் தரிசனத்துக்குப் பனியில் காத்திருக்க வேண்டும் என்பதால் போர்வை ஒன்று கையில் இருக்கட்டும். காட்சி சில நொடிகளே. செல்பேசியை உயர்த்திப் பிடித்தால் பின்னால் நிற்பவருக்கு அந்தச் சில நொடிகளும் போய்விடும்.

திரைகள் ஒவ்வொன்றாக நகரும்போது எந்த நிறம் எதை மறைக்கிறது என்று மனத்துக்குள் ஒப்பிக்க முயல வேண்டாம். அந்தப் படிப்பெல்லாம் முன்பே முடிந்திருக்க வேண்டும். அங்கே மந்திரம் ஒன்றே போதும்.

தைப்பூசத்துக்குப் பின் மூன்றாம் நாள் மேட்டுக்குப்பத்துச் சித்திவளாகத்தில் திருவறைத் தரிசனம் உண்டு. 1874 ஜனவரி 30 இரவு வள்ளலார் உட்புகுந்து தாழிட்டுக்கொண்ட அறை அது. அவர் ஒளியுடம்பாகி மறைந்தார் என்பது அன்பர்களின் உறுதியான நம்பிக்கை. அன்றைய ஆங்கில அரசின் அலுவலர்களும் வந்து பார்த்துச் சென்றதாக வரலாறு உண்டு. என்ன நடந்தது என்னும் விவாதத்தை அந்த வாசலில் வைத்துக்கொள்வது பொருத்தமாகாது. அன்று வடலூரிலிருந்து பேழை ஒன்று பல்லக்கில் ஊர்வலமாக மேட்டுக்குப்பம் கொண்டுசெல்லப்படும். வழி நெடுகச் சிற்றூர் மக்கள் தண்ணீரும் மோரும் உணவும் கொடுப்பார்கள். அந்த ஊர்வலத்தோடு நடந்து செல்வதே மேட்டுக்குப்பத்தை அடையச் சிறந்த வழி. நண்பகலில் தொடங்கி மாலை வரை தரிசனம் நடக்கும்.

தைப்பூச நாளிலிருந்து மூன்றாம் நாள் வரை தங்க நினைப்பவர்கள் சில வாரங்களுக்கு முன்பே இடம் பார்த்துக்கொள்ள வேண்டும். வடலூரில் இடம் கிடைக்காதவர்கள் நெய்வேலியிலோ கடலூரிலோ தங்கி நாள்தோறும் பேருந்தில் வந்து செல்லலாம். உணவைப் பற்றிக் கவலைப்பட வேண்டியதில்லை. இடைப்பட்ட நாளில் கூட்டம் குறைந்திருக்கும்; தருமச்சாலையில் அன்று பாத்திரம் கழுவ ஆட்கள் போதாமல் இருப்பார்கள் என்பதால், காலையிலேயே அங்கே சென்று பெயர் சொல்லிவையுங்கள்.